ஆடியில் சேர்ந்த பட்டம்

போன செவ்வாய்க்கிழமை கல்வி அலுவலகத்தில் மூன்று மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். உள்ளே போகும்போது எனக்குக் கொஞ்சம் விதிகள் தெரிந்திருந்தன. வெளியே வரும்போது அதுவும் இல்லை!

வழக்கமாக இந்தப் பக்கத்தைப் படிப்பவர்களுக்கு என்னைத் தெரியும். தாமல் பக்கம் ஒரு அரசுத் தொடக்கப் பள்ளியில் இடைநிலை ஆசிரியர். நாலாம் வகுப்புக்கு எல்லாப் பாடமும் நான்தான். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆளும் நான்தான்.

ஆனால் ஆசை வேறு. பட்டதாரி ஆசிரியராகி எட்டாம் வகுப்புக்கு வரலாறு நடத்த வேண்டும். அதற்காக வேலையில் இருந்துகொண்டே தபால் வழியில் பி.ஏ. வரலாறு படித்தேன். அப்புறம் பி.எட்., அப்புறம் தகுதித் தேர்வு. எல்லாம் பாஸ். இப்போது ஓரிக்கைப் பள்ளியில் ஒரு இடம் காலி. பதவி உயர்வுப் பட்டியலில் அடுத்த பெயர் என்னுடையது.

பெயர் இருந்தது. பக்கத்துக் கட்டத்தில் இரண்டு வார்த்தையும் இருந்தது - ‘தெளிவுரை தேவை.’

கண்காணிப்பாளர் என் ஃபைலைப் புரட்டினார்.

“சார், நீங்க பி.ஏ. சேர்ந்தது ஆகஸ்ட் மொத வாரம். படிக்கட்டுமான்னு பர்மிஷன் கேட்டு லெட்டர் குடுத்தது ஆகஸ்ட் கடைசி. முன் அனுமதின்னா முன்னாடி வாங்கணும் சார். தாலி கட்டிட்டா பொண்ணு பாக்கப் போவாங்க?”

பக்கத்து சீட்டில் ஒரே சிரிப்பு. நானும் சிரித்தேன். வேறென்ன செய்ய?

நடந்தது இதுதான். அது ஆடி மாதம். நெசவுக் குடும்பம் எங்களுடையது; ஆடியில் தறிக்குப் புதுப் பாவுகூட ஏற்ற மாட்டார்கள். பி.ஏ. சேரக் கடைசித் தேதியோ நெருங்கிவிட்டது. அம்மா யோசித்து ஒரு தீர்ப்பு சொன்னார். “போன்ல பீஸ் கட்டுறது ஒண்ணும் ஆரம்பம் இல்லடா. கையெழுத்து போட்டு ஆபீஸ்ல குடுக்கறே பாரு, அதான் ஆரம்பம். அத ஆவணி பொறந்து குடு.”

கல்லூரியில் போனிலேயே சேர்ந்துவிட்டேன். அனுமதி கேட்கும் கடிதம் நாலு மூலையிலும் மஞ்சள் தடவி, ஆவணி முதல் முகூர்த்த நாள் வரை சாமி படத்துக்குப் பின்னால் காத்திருந்தது.

அம்மாவின் விதிப்படி எல்லாம் சரி. அரசாங்கத்தின் விதிப்படி தலைகீழ்!

சரி, அந்த இடைப்பட்ட நாட்களில் நான் படித்த பல்லவர்கள் என்ன ஆவார்கள்? அவர்கள் மட்டும் செல்லாதா? ஆவணிக்குப் பிறகு படித்த சோழர்கள் மட்டும் செல்லுமா?

அங்கே உட்கார்ந்தபடியே ஆசிரியர் வாட்ஸ்அப் குழுவில் விதியைக் கேட்டேன். தபால் படிப்புக்கு முன் அனுமதியே வேண்டாம் என்றார் ஒருவர். ஊக்க ஊதியத்துக்குத்தான் வேண்டும், பதவி உயர்வுக்கு இல்லை என்றார் இன்னொருவர். மூன்றாமவர் ஒரு அரசாணையை அனுப்பினார். படித்தேன்... புரிகிற மாதிரி வந்தது. அதற்குள் அந்த அரசாணையைத் திருத்திய அரசாணையையும் அவரே அனுப்பிவிட்டார்.

“இப்ப இன்னாதான் சார் பண்றது?” என்று கண்காணிப்பாளரிடமே சரணடைந்தேன்.

“பின்னேற்புன்னு ஒண்ணு இருக்குது. லேட்டா கேட்டத மேல இருக்கறவங்க மன்னிச்சு ஏத்துக்கறது. ஏன் லேட்டுன்னு எழுதிக் குடுங்க, அனுப்பறேன். லிஸ்ட் முடிக்கறதுக்குள்ள ஆர்டர் வந்தா ஓரிக்கை உங்களுக்கு. வரலேன்னா அடுத்த ஆளுக்கு. அப்புறம் எப்ப காலியாவும்னு எனக்கே தெரியாது.”

எழுதினேன். உள்ளதை உள்ளபடி. ‘ஆடி மாதம் என்பதால் என் தாயார் வேண்டாம் என்றார்.’

வாங்கிப் படித்தார். கண்ணாடியைக் கழற்றினார்.

“ஏம்பா, இத அனுப்பினா ஆபீஸர் என்னையில்ல கூப்ட்டு கேப்பாரு? ‘தவிர்க்க இயலாத குடும்பச் சூழ்நிலை’ன்னு போடுங்க.”

பொய் எழுதலாமா என்று பேனா ஒரு நிமிடம் நின்றது. பிறகு அம்மாவை நினைத்துப் பார்த்தேன். தவிர்க்க இயலாத... குடும்ப... சூழ்நிலை. இதில் எது பொய்? நிம்மதியாகக் கையெழுத்துப் போட்டேன்.

வீட்டுக்கு வரும் பஸ்ஸில்தான் அடுத்த கேள்வி வந்தது. அம்மாவிடம் என்ன சொல்வது? உன் ஆடியால்தான் என்று சொன்னால் சாப்பிட மாட்டார். என்னைப் படிக்க வைக்க அவர் செய்யாத வேலை இல்லை. அந்த மஞ்சளும் எனக்காகத்தானே?

வாசலிலேயே பிடித்துக்கொண்டார். “இன்னாடா, பெரிய வாத்தியாரு ஆர்டர் குட்த்தாங்களா?”

“இல்லம்மா. மேல அனுப்பி இருக்காங்க. ஒரு மாசம்கூட ஆவும் போல...”

முகம் வாடும் என்று பார்த்தேன். அம்மாவுக்கு அப்படி ஒரு நிம்மதி!

“நல்லதாப் போச்சு போ! இன்னிக்கே குட்த்துருவாங்களோன்னு காலையிலேர்ந்து பயந்துக்கினு இருந்தேன்டா. மார்கழில போய் யாராவது புது ஸ்கூலுக்குப் போவாங்களா? தை பொறக்கட்டும்.”

லேட்டானதற்கு எங்கள் வீட்டில் பின்னேற்பு கிடைத்துவிட்டது. அரசாங்கம்தான் பாக்கி.