மெஷின் பழுதான ஞாயிறு

லண்டன் போன மகள் தன் கேம் மெஷினை என்னிடம் விட்டுப்போனாள். அதில் வரும் மீன்பிடி விளையாட்டில், வாவியில் வலை வீசும் என் தம்பியால்கூட என்னை வெல்ல முடியாது.

ஒரு ஞாயிறு அது நின்றுவிட்டது. மகளுக்குப் போன் எடுத்தேன். “சாப்பிட்டீங்களாம்மா” என்று கேட்டதும் போனை வைத்துவிடுகிறவள், அன்று பொறுமையாக, கார்டைக் கழற்றித் துடைத்துப் போடச் சொன்னாள். எனக்கு எழுத்து மட்டுமட்டாகத்தான் வாசிக்க வரும் என்பதால், “பச்சைய அமத்துங்க” என்று பட்டனின் நிறத்தைச் சொன்னாள். விளையாட்டு வந்துவிட்டது.

“இன்னும் வரல்ல புள்ள” என்றேன்.



“அம்மா, கேம்ட பாட்டு இங்க கேக்குது.”

யாருக்கும் தலைகுனியாத நான், அவசரமாகப் பாட்டின் சத்தத்தைக் குறைத்தேன்.

“சரி, ஓஃப் பண்ணுங்க. முதல்ல இருந்து செய்வம்” என்றாள்.

இருட்டும்வரை, பழுதில்லாத மெஷினை இருவரும் திருத்தினோம்.

அதன்பிறகு அது நிற்கவேயில்லை. ஞாயிறு வந்தால் கார்டைக் கழற்றிவிடலாமா என்று கை துருதுருக்கிறது.