பேபி ரீலிங் ஹாலைக் காயவைத்த கதை

பேபி எனக்குச் சித்தி மகள். அவளுடைய அப்பா, எங்கள் சித்தப்பா, கடலில் முங்கிச் சங்கு குளிக்கிற வத்தைப் படகில் கயிறு பிடித்தவர். அவள் வாக்கப்பட்டதும் சங்கு குளிக்கிற வீட்டில்தான், கஸ்பாருக்கு. கஸ்பாருடைய அம்மையும் எங்கள் சித்தியும் புன்னைக்காயலில் ஒரே தெரு, அப்படி வந்த சம்பந்தம். பேபிக்குக் கூடப்பிறந்தது ஒரே அண்ணன், தொம்மை. கஸ்பார், தொம்மை, பேபி, இந்த மூன்று பேரைச் சுற்றித்தான் நான் சொல்லப்போகிறது.

கல்யாணத்துக்கு முன்னாலேயே பேபி எங்கள் ஊர் நூல் மில்லில் வேலைக்குச் சேர்ந்துவிட்டாள். ரீலிங் ஹால் என்று ஒன்று இருந்தது. பாபினில் இருக்கிற நூலைச் சிட்டமாக, பெரிய வளையமாக, சுற்றுகிற இடம். முழுக்கப் பெண்கள். நானும் அங்கேதான் பேபிக்கு அடுத்த மெஷினில் நின்றேன். அந்த ஹால் மில்லிலேயே பள்ளமான மூலை. தரைக்கு அடியில் ஆழமாக ஒரு தொட்டி உண்டு. ஹாலைக் கழுவுகிற தண்ணீர் எல்லாம் அதில் இறங்கி, அடியில் இருக்கிற துவாரம் வழியாக வெளியே உப்போடைக்குப் போகும்.

புதுத் துறைமுகத்துக்குக் கப்பல் வர ஆரம்பித்த பிறகு ஒரு கார்த்திகையில் பேய்மழை பெய்தது. காற்றும் சேர்ந்துகொண்டது. கடல் ஏறி, உப்போடையில் எதிர்த்து வந்து, மில் சுவரைத் தாண்டிவிட்டது. மழை விட்டுப் போய்ப் பார்த்தால் மற்ற இடமெல்லாம் வடிந்துவிட்டது, ரீலிங் ஹாலில் மட்டும் முழங்கால் தண்ணீர். சரக்கு வைக்கிற கிட்டங்கியில் இருந்த கழிவுப் பஞ்சு மிதந்துவந்து, ஊறி, பாய் பாயாகத் திரண்டு கிடக்கிறது. மோட்டார் எல்லாம் உப்புத் தண்ணிக்குள்ளே.

மானேஜர் ஜேசுதாசன் சார் நாசரேத்துக்காரர், நல்ல மனுஷன். எங்களை நிற்கவைத்துச் சொன்னார்: "முதலாளி ஞாயித்துக்கிழமை மதுரையிலேருந்து வாரார். அவர் வரும்போது இந்த ஹால் இப்படியே கெடந்தா, மெஷினைப் பழைய இரும்புக்குப் போட்டுட்டு இதைக் கிட்டங்கி ஆக்கிருவேன்னு போன்ல சொல்லிட்டார். நான் என்னம்மா செய்ய?"

"அப்ப நாங்க?" என்று பேபி கேட்டாள்.

சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

பம்பு வைத்து இறைத்தார்கள். பஞ்சு போய் அடைத்து அடைத்து பம்பு நின்றது. நாங்கள் பஞ்சை அள்ளி அள்ளிக் கூடையில் போட்டோம், கை ஊறி வெளுத்துப்போச்சு. தண்ணீர் குறையவே இல்லை. தொட்டித் துவாரம் அடைத்துக்கிடக்கிறது, அதைத் திறந்தால் கடல் வற்றுகிற நேரத்தில் தானாக ஓடிவிடும் என்று சாருக்கும் தெரியும், எங்களுக்கும் தெரியும். ஆனால் இரண்டாள் ஆழம், கலங்கல் தண்ணி. உள்ளே யார் போகிறது?

"எங்க வீட்டுல ஒரு ஆளு சும்மாதான் உட்காந்திருக்கு" என்றாள் பேபி.

கஸ்பார் சங்கு குளிக்கிறதை விட்டு அப்போது நாளாகிவிட்டது. காரணத்தைச் சொல்லவேண்டும். எங்கள் பக்கத்தில் குளிக்கிறவனுடைய இடுப்புக் கயிற்றை அவன் பெண்டாட்டியுடைய கூடப்பிறந்தவன்தான் பிடிப்பான். தங்கச்சி தாலி அறுக்கக் கூடாது என்று நினைக்கிறவன் அவன்தானே. கஸ்பாருக்குத் தொம்மைதான் பிடித்துவந்தான். பேபிக்கு இரண்டாவது ஆண்பிள்ளை பிறந்தபோது கஸ்பார் ஞானஸ்நானத்துக்கு ஞானத்தகப்பனாகத் தொம்மையை நிறுத்தாமல், வத்தைக்குச் சொந்தக்காரரான சம்மாட்டியை நிறுத்திவிட்டான். தொம்மை புதுச்சட்டை போட்டுக்கொண்டு கோயில் வாசல்வரை வந்தவன், அப்படியே திரும்பிப் போனான். அதோடு பேச்சு முடிந்தது. சித்தப்பா கொஞ்சக் காலம் பிடித்தார். அவருக்குக் கண் மங்கினதும் கஸ்பார் வலைக்குப் போக ஆரம்பித்துவிட்டான். அந்த மழையோடு அதுவும் நின்றிருந்தது.

பேபி கூப்பிட்டதும் கஸ்பார் வந்தான். கயிற்றுக்கு யார் என்று கேட்டான். மில்லில் செல்லப்பாண்டி என்று ஒரு வாட்டசாட்டமான ஆள் உண்டு, விளாத்திகுளத்துப் பக்கம். "இது என்ன கடலா, தொட்டிதான. நான் பிடிக்கேன் மாப்பிள" என்றான். சரி என்று இறங்கிவிட்டான் கஸ்பார்.

செல்லப்பாண்டி பிறந்தது கரிசல்காட்டில். கயிறு என்றால் அவனுக்கு மாட்டுக் கயிறுதான். கொஞ்ச நேரம் பிடித்துப் பார்த்தான். பிறகு கயிற்றைத் தூணில் சுற்றி நல்ல முடிச்சாகப் போட்டுவிட்டு, பீடி பற்றவைக்க வாசலுக்குப் போய்விட்டான். உள்ளே கஸ்பார் காலில் பஞ்சு சுற்றிக்கொண்டது. கயிற்றை ஆட்டுகிறான், ஆட்டுகிறான், தூண் என்ன செய்யும்? பேபிதான் பார்த்துப் பாய்ந்து இழுத்தாள். நாங்களும் சேர்ந்து இழுத்து மேலே போட்டோம்.

கஸ்பார் இருமி முடித்து எழுந்து உட்கார்ந்தான். "ஏலே, நான் என்ன ஒன் காளைமாடா? கட்டிப்போட்டுட்டுப் போற?"

"ஓடிப்போயிரக் கூடாதேன்னுதான்" என்றான் செல்லப்பாண்டி. அவன் பயத்தில் உளறினது அது. யாருக்கும் சிரிப்பு வரவில்லை.

"இனி ஆளை இறக்க வேண்டாம்" என்று சார் சொல்லிவிட்டார். கஸ்பாரும் துண்டை உதறித் தோளில் போட்டான்.

பேபி ஈரச்சேலையோடு நேரே தொம்மை வீட்டுக்கு நடந்தாள். நானும் பின்னாலேயே போனேன். தொம்மை வலை முடிந்துகொண்டிருந்தான்.

"அண்ணே, கயிறு பிடிக்க வா."

"யாருக்கு?"

"எனக்கு."

"நீ எப்பளா குளிக்கப் போன?"

"அவரு உள்ள போனா நான் போன மாதிரிதான். இன்னைக்குத் தூணு பிடிச்சிது. தெரியுமா ஒனக்கு?"

தொம்மை ஊசியைக் கீழே வைத்தான். "சம்மாட்டியைக் கூப்பிடு. அவருதான ஞானத்தகப்பன். பிடிக்கட்டும்."

"சம்மாட்டிக்கு நான் தங்கச்சி இல்ல" என்றாள் பேபி. "நீ வராட்டி நான் அவர இறங்கவிட மாட்டேன். ஹாலு போயிரும். எங்க அத்தனை பேர் வேலையும் போயிரும். நீ சட்டையை மடிச்சு வச்சிட்டு வலையை முடி."

அந்தப் புதுச்சட்டை விஷயத்தை அதுவரை யாரும் அவன் முகத்துக்கு நேரே சொன்னதில்லை. தொம்மை எழுந்து உள்ளே போனான். திரும்பி வரும்போது தோளில் அவனுடைய பழைய கயிறு கிடந்தது.

மறுநாள் காலையில் கடல் வற்றுகிற நேரம் பார்த்து வந்தார்கள். மச்சானும் மச்சானும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்கவில்லை. கஸ்பார் பேபியைப் பார்த்துச் சொன்னான்: "கயிறு பிடிக்கவங்ககிட்டச் சொல்லு, ஒரு தடவ ஆட்டுனா விட்டுக்குடுக்கணும், ரெண்டு தடவ ஆட்டுனா இழுக்கணும்."

"குளிக்கவங்ககிட்டச் சொல்லு, எனக்குப் படிச்சுக்குடுக்க வேண்டாம்னு" என்றான் தொம்மை.

"ரெண்டு பேருக்கும் காது இருக்கு" என்றாள் பேபி.

சார் ஒத்துக்கொள்ளாமல் குறுக்கே நின்றார். பேபி அவரிடம், "சார், பிடிக்கிறது எங்கண்ணன்" என்று மட்டும் சொன்னாள். அவர் நாசரேத்துக்காரர், எங்களைப் போல வேதக்காரர், கிறிஸ்தவர்தான் என்றாலும் எங்கள் கடற்கரைப் பழக்கம் அவருக்குத் தெரியாது. ஆனாலும் அவள் சொன்ன விதத்தைப் பார்த்துவிட்டு விலகிக்கொண்டார்.

கஸ்பார் கத்தியோடு இறங்கினான். தொம்மை கயிற்றை இரண்டு விரலுக்கு நடுவில் வைத்துக்கொண்டு, தலையைச் சாய்த்து, யாரோ உள்ளேயிருந்து பேசுகிறதைக் கேட்கிற மாதிரி நின்றான். இழுத்தான், மூச்சு வாங்கவிட்டான், மறுபடி விட்டான். ஒவ்வொரு தடவையும் ஒரு கட்டுப் பஞ்சு மேலே வந்தது. கடைசியில் கயிறு ஆடுவதற்கு முன்னாலேயே தொம்மை இழுக்க ஆரம்பித்தான். எப்படித் தெரிந்ததோ. கஸ்பார் தலை மேலே வந்ததும் தொட்டித் தண்ணி 'கொளக்' என்று ஒரு சத்தம் போட்டுச் சுழித்தது. சாயங்காலத்துக்குள் ஹால் தரை தெரிந்தது.

அதற்குப் பிறகுதான் எங்கள் பாடு. சேற்றை வழித்தோம். உப்பு ஏறின இரும்பை நல்ல தண்ணியில் அலசாமல் காயவைத்தால் துரு தின்றுவிடும் என்று சார் சொல்லி, மில்லின் குடிதண்ணீர்த் தொட்டியைத் திறந்துவிட்டார். குடம் குடமாகச் சுமந்து ஊற்றினோம். மழை பெய்தும் ஊரில் குடிதண்ணீருக்குக் குழாயடியில் சண்டை நடக்கிற காலம் அது. "வீட்டுல பிள்ளைக்குக் குடிக்கத் தண்ணியில்ல, இங்கன இரும்பைக் குளிப்பாட்டுதியளா" என்று வாசலில் நின்று ஒருத்தி ஏசினாள். "இது ஓடுனாத்தான் எங்க பிள்ளைக்குக் கஞ்சி" என்று பேபி சொல்லிவிட்டு அடுத்த குடத்தைத் தூக்கினாள். எலெக்ட்ரீசியன் மோட்டாரைக் கழற்றிக் கழற்றித் தந்தான். அலசி, துடைத்து, வெயிலில் வரிசையாகப் பரத்தி, மேகம் வந்தால் தூக்கிக்கொண்டு ஓடினோம். ஈரம் போகப் போக அவன் உடனே மாட்டினான்.

ஞாயிற்றுக்கிழமைப் பூசை முடிந்த கையோடு போனோம். முதலாளி வந்தார். சுவரில் தண்ணீர் நின்ற கோட்டைப் பார்த்தார். தரையைச் செருப்பால் தேய்த்துப் பார்த்தார். "பாக்க நல்லாத்தான் இருக்கு. ஓடுமா?" என்று சாரிடம் கேட்டார். சார் வாயைத் திறப்பதற்குள் பேபி என் மெஷினுக்குப் போய் சுவிட்சைப் போட்டாள். அது ஒரு தடவை உறுமி, நின்று, பிறகு சுற்ற ஆரம்பித்தது.

"எல்லாம் இப்படி ஓடுமா?"

"ரெண்டு ஓடாது முதலாளி" என்றாள் பேபி. "மோட்டாருக்குள்ள கம்பி போயிட்டு. மத்தது ஓடும்."

முதலாளி "சரி, நாளைக்கு ஷிப்ட் போடுங்க" என்று சாரிடம் சொல்லிவிட்டுக் காருக்குப் போனார்.

ஓடாத இரண்டில் ஒன்று பேபியுடையது. மோட்டாரைக் கம்பி சுற்றிவர அனுப்பியிருந்த காலம் முழுக்க அவள் என் மெஷினில் அந்தப் பக்கம் நின்று, அறுந்த நூலை முடிந்து முடிந்து விட்டாள்.