போஸ்டரில் இருந்த முகம்

நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன். ஆனால் தலையில் கரகத்தோடு பின்னால் வளைந்து, தரையில் கிடக்கும் ஊசியை இமையால் எடுப்பேன். சிவகாசி வட்டாரத்தில் அதைச் செய்ய வேறு ஆள் இருந்தால் வரச் சொல்லுங்கள். இருந்தும், திருநங்கை என்பதால் எனக்குப் பல வருஷம் கோமாளி வேஷம்தான் கொடுத்தார்கள். பெண்கள் ஆடுவார்கள். நான் நடுவில் புகுந்து உதை வாங்க வேண்டும்.

செல்போன் அப்போதுதான் எல்லார் சட்டைப் பையிலும் ஏறிக்கொண்டிருந்தது. எங்கள் செட்டில் கரகம் ஆடியவள் கல்யாணமாகிப் போய்விட்டாள். தாயில்பட்டிப் பக்கம் ஒரு ஊரில் பொங்கல் திருவிழா வந்தது. எங்கள் நாயனக்காரர் துணிந்து என் போட்டோவைக் கொடுத்துவிட்டார். கமிட்டிக்காரர்கள் பெண் என்று நினைத்து, சிவகாசியில் நாலு கலரில் போஸ்டர் அடித்துச் சுவரெல்லாம் ஒட்டிவிட்டார்கள்.

ஆட்டத்தன்று சாயங்காலம் வேனிலிருந்து இறங்கி நான் வாயைத் திறந்ததும் கமிட்டித் தலைவர் முகம் மாறியது.

"நீ கோமாளி கட்டு. கரகத்துக்கு வேற செட்டுல ஆள் சொல்லுதோம்."

"போஸ்டர்ல யாரு மூஞ்சி இருக்கு அண்ணாச்சி?"

"அது தெரியாம அடிச்சது."

"அப்பம் தெரிஞ்சு ஒரு வேலை செய்ங்க. சுவரு சுவராப் போயி என் மூஞ்சியக் கிழிச்சிட்டு வாங்க. அதுவரைக்கும் இங்கனதான் உக்காந்திருப்பேன்."

கரகத்தை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். பட்டாசுக் கம்பெனி வேன்கள் வந்து நின்றன. கையில் ஒட்டிய வெள்ளி மருந்தைக் கழுவாமலே பெண்கள் இறங்கி வந்து முன்னால் இடம் பிடித்தார்கள். ஒருத்தி கேட்டாள்.

"போஸ்டர்ல உள்ள மதினி நீங்கதானா? எப்ப ஆடுவீக?"

"தலைவர் விட்டா இப்பமே."

அவள் தலைவரிடம் திரும்பினாள். "விடுங்க மாமா. ஒரு வாரமா எங்க வீட்டுச் சுவத்துல இவுக மூஞ்சியிலதான் முழிக்கோம்."

பெண்கள் சிரித்தார்கள். தலைவர் மேளக்காரரைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுத் தள்ளிப் போனார்.

ஆடினேன். பின்னாலிருந்து இரண்டு பேர் கேலி பேசினார்கள். ஊசியை எடுத்தபோது அவர்களும் வாயை மூடினார்கள்.

அடுத்த வருஷம் அதே தலைவர் வெற்றிலைத் தட்டோடு என் வீட்டுக்கு வந்தார். நான் தட்டைத் தொடவில்லை.

"மொதல்ல பிரஸ்ல இந்த வருஷப் போஸ்டர் புரூஃப் வாங்கிட்டு வாங்க அண்ணாச்சி."

முனகிக்கொண்டே போய் வாங்கிவந்தார். எழுத்துக் கூட்டிப் படித்தேன். கரகம் என்றிருந்தது. பக்கத்தில் மூக்குத்தியோடு என் முகம். கொஞ்சம் சின்னதாக இருந்தது. பெரிதாக்கச் சொல்லித் திருப்பி அனுப்பினேன்.