அடுத்தவரின் அரை மணி நேரம்

மாமாவின் தகனத்தன்று, மண்டபப் பொறுப்பாளரான அந்த வெள்ளைக்காரர் என்னை எரிச்சலூட்டினார். நீளமான கறுப்புக் கோட்டுடன் வாசலில் நின்று, நாங்கள் தேவாரம் பாடப் பாடக் கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டிக்கொண்டே இருந்தார்.

"அண்ணை, இன்னும் ஒண்டு பாடக் கிடக்கு. அவரோட கதையுங்கோ," என்றாள் தங்கை.

போய் ஆங்கிலத்தில் சீறினேன். "வெளியே ஒருவரும் இல்லையே! யாருக்காக எங்களைத் துரத்துகிறீர்கள்?"

"அடுத்தவருக்கு யாரும் வரமாட்டார்கள். சடங்கே வேண்டாமென்று சவப்பெட்டியை மட்டும் அனுப்புவது இப்போது எங்கள் ஆட்களிடம் கூடிவிட்டது. ஆனால் அவருக்கும் அரை மணி நேரம் இருக்கிறது, சார்."

கோபம் ஆறாமலே காரில் ஏறினேன். மண்டபத்தின் கண்ணாடிக் கதவு வழியே பார்த்தால், புதிய பெட்டியின் முன்னால் அவர் மட்டும் உட்கார்ந்திருந்தார். கடிகாரத்தை ஒருமுறைகூடப் பார்க்கவில்லை.

தங்கை அவசரப்படுத்தியும், அவர் எழும்பும்வரை நான் காரை எடுக்கவில்லை.