எட்டுத் தட்டு பாரும் ஒரு பால்குடமும்

எனக்கு வாய் கொஞ்சம் நீளம். இதை நானே சொல்லிவிடுவது நல்லது, இல்லாவிட்டால் என் தம்பி கூட நாலு சேர்த்துச் சொல்லுவான். ஆனால் என் கையைப் பற்றி யாரும் ஒரு குறை சொல்ல முடியாது. ஜெலுத்தோங்கில் எங்கள் அடுக்குமாடியின் கீழே நின்று, "பார் செய்யற அக்கா வீடு எது?" என்று கேட்டுப் பாருங்கள். கார் கழுவுகிறவர்கூட எங்கள் மாடியைக் கை காட்டுவார்.

பார் என்பது பெரிய வித்தை ஒன்றும் இல்லை. பிஸ்கட்டை நொறுக்கி, உருக்கிய பட்டரில் பிசைந்து, தட்டில் அழுத்தி ஓவனில் வைக்க வேண்டும். அது வெந்ததும் மேலே கேரமல், அதற்கு மேல் வறுத்த கடலை, கடைசியில் சாக்லேட். ஐஸ்பெட்டியில் இறுகியதும் கத்தி வைத்து நீளத் துண்டுகளாக வெட்டுவேன். முட்டையே கிடையாது. ஆனால் அந்தக் கேரமல் இருக்கிறதே! டின் பாலையும் பட்டரையும் சின்ன நெருப்பில் வைத்துக் கிளறிக்கொண்டே இருந்தால், கை ஓய்ந்துபோகும் நேரத்தில், வெள்ளையாக இருந்தது மெல்ல மெல்லப் பொன்னாகும். இருபது வருடமாகப் பார்க்கிறேன். இன்றைக்கும் அந்த நிமிடத்தில் யாராவது பேசினால் எனக்குக் கோபம் வரும். வாசலில் யார் மணி அடித்தாலும் திறக்க மாட்டேன்.

தைப்பூசத்துக்கு எங்கள் ஆபிஸ் தோழிகள் தண்ணீர்மலை முருகன் கோயிலுக்குப் போகும் சாலையில் தண்ணீர்ப் பந்தல் போடுவார்கள். மோரும் சிரப்பும் அவர்கள் பொறுப்பு, பார் என் பொறுப்பு. முட்டை இல்லை என்பதால் விரதக்காரர்கள் யோசிக்காமல் எடுத்துக்கொள்வார்கள். ஒருவர் கடித்துவிட்டுத் திரும்பி வந்து, "அக்கா, இன்னொன்னு தாங்களேன்" என்று கேட்கும்போது எனக்குத் தலை கால் புரியாது.

நான் சொல்லப்போகும் அந்தப் பூசத்தில் என் தம்பி முதல் முறையாகக் காவடி எடுப்பதாக இருந்தது. கடல் பாலத்துக்கு அந்தப் பக்கம், அவனுக்கு ஜூருவில் கார் பட்டறை வேலை, வீடு சுங்கை பாக்காப்பில். ஒரே பெண் குழந்தை, அப்போது அவளுக்கு ஐந்து வயது. பதினாலு மாதத்துக்கு முன்னால் அவளுக்கு இதயத்தில் ஆபரேஷன் நடந்தது. குழந்தை பிழைத்தால் காவடி எடுக்கிறேன் என்று அவன் ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்று வேண்டிக்கொண்டான். பிழைத்தாள், ஓடுகிறாள், என்னை எதிர்த்துப் பேசுகிறாள். தம்பி நாற்பத்தெட்டு நாள் விரதம் ஆரம்பித்தான். ஒரு வேளை மரக்கறிச் சாப்பாடு, பாயில் படுக்கை, காலையில் பச்சைத் தண்ணீர்க் குளியல்.

அவன் மனைவியும் பால்குடம் எடுக்க வேண்டும் என்று ஒரு வார்த்தை கேட்டாள். அதற்குப் பதில் சொன்னது நான்தான். "ரெண்டு பேரும் நடந்தா பாப்பாவ யாரு பாக்கறது? எனக்குப் பந்தல்ல வேலை இருக்குலா. நீ அடுத்த வருசம் பாத்துக்கலாம்மா" என்றேன். அவள் சரி என்றாள். அவளுக்கும் எனக்கும் அவ்வளவாக ஒட்டாது. சண்டை எல்லாம் இல்லை. கடைசி ஒரு வருடமாக, தீபாவளிக்கோ பிறந்தநாளுக்கோ நான் பார் கொண்டுபோய்க் கையில் வைத்தால், அதை அப்படியே தட்டில் திருப்பி வைத்துவிடுவாள். "அப்புறம் சாப்பிடறேன்கா" என்பாள். அந்த அப்புறம் வந்ததே இல்லை. ஊரே கேட்டு வாங்கித் தின்னும் பார், இவளுக்கு மட்டும் இறங்காதாம். திமிரு என்று என் வீட்டுக்காரரிடம் சொல்லிச் சொல்லி அவர் காது புளித்துப்போயிருந்தது.

அந்த வருடம் எனக்குப் புதுசாக ஏதாவது செய்ய ஆசை. கடலைக்கும் சாக்லேட்டுக்கும் நடுவில் மார்ஷ்மெல்லோவை உருக்கி ஊற்றினால் என்ன என்று தோன்றியது. சூப்பர்மார்க்கெட்டில் பாக்கெட்டைத் திருப்பிப் பார்த்தேன். முட்டை என்று எங்கும் போடவில்லை. ஹலால் முத்திரை பளிச்சென்று இருந்தது. அப்புறம் என்ன, பயப்பட ஒன்றும் இல்லை என்று பத்துப் பாக்கெட்டைக் கூடையில் போட்டேன். முதல் தட்டு அப்படி அமைந்தது! வெட்டும்போது மார்ஷ்மெல்லோ இழையிழையாகக் கத்தியோடு கூடவே எழுந்து வந்தது. பூசத்துக்கு இரண்டு நாள் முன்பு, பாலம் தாண்டிப் போய் அதைத் தம்பி வீட்டில் கொடுத்துவிட்டு வந்தேன்.

மறுநாள், முருகன் ரதம் புறப்படும் நாள். லீவு போட்டுவிட்டு, பந்தலுக்கு இன்னும் ஏழு தட்டு செய்து மேசையில் ஆற வைத்திருந்தேன். பக்கத்து வீட்டு மலாய்க்காரத் தங்கை என் டப்பாவைத் திருப்பித் தர வந்தாள். டப்பாவை வெறுமனே தரும் வழக்கம் எங்கள் மாடியில் யாருக்கும் கிடையாது, அவளும் உள்ளே கூவே பலகாரம் வைத்திருந்தாள். மேசையில் மிச்சம் இருந்த மார்ஷ்மெல்லோ பாக்கெட்டை, உன் பிள்ளைக்கு எடுத்துப் போ என்றேன். அவள் வழக்கம்போல் பின்பக்கத்துப் பொடி எழுத்தைப் படித்தாள். படித்தவள் முகம் மாறிவிட்டது.

"அக்கா, இதுல லெம்பு இருக்கு. நீங்க சாப்பிட மாட்டீங்களே" என்று மலாயில் சொல்லி, விரலால் தொட்டுக் காட்டினாள்.

கெலத்தின் லெம்பு. கெலத்தின் என்றால் ஜெலட்டின், லெம்பு என்றால் மாடு. மாட்டு எலும்பிலிருந்தும் தோலிலிருந்தும் எடுப்பது. ஹலால் என்றால் அது அவளுக்கு நல்லது, எனக்குத்தான் ஆகாது என்பது இத்தனை வருடம் இந்த ஊரில் குப்பை கொட்டியவளுக்குத் தெரியாமல் போயிற்று. அவளுக்கு அந்தப் பாக்கெட்டில் ஒரு குறையும் இல்லை. பிள்ளைக்கு எடுத்துக்கொண்டு போயிருக்கலாம். ஆனாலும் எனக்காக யோசித்துப் படித்திருக்கிறாள்! அப்படியே அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

பிறகுதான் தம்பி ஞாபகம் வந்தது. போன் போட்டேன்.

"டேய், நேத்து கொடுத்த பார சாப்பிட்டியா?"

"சாப்டேன்கா. ரெண்டு பீஸ். செம டேஸ்ட்லா!"

விரதத்தின் நாற்பத்தேழாவது நாள். அப்புறம் கூப்பிடறேன் என்று போனை வைத்தேன். என் வீட்டுக்காரர் விஷயத்தைக் கேட்டுவிட்டு, "சொல்லாத. தெரியாம செஞ்சது. நாளைக்கு அவன் காவடி எடுக்கட்டும், அப்புறம் பாத்துக்கலாம்" என்றார். அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. ஆனால் அவன் வேண்டியது பிள்ளை உயிருக்கு. நாளைக்கு அவளுக்கு ஒரு காய்ச்சல் வந்தால்கூட நான் உள்ளுக்குள் செத்துப்போவேன். ஏழு தட்டையும் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டு, காரை எடுத்தேன்.

தம்பி வீட்டு ஹாலில் காவடி தயாராக நின்றது. மயிலிறகு, சலங்கை, நடுவில் சின்ன வேல். குழந்தை அதைச் சுற்றிச் சுற்றி வந்தாள். நான் உட்காரக்கூட இல்லை. நின்றபடியே எல்லாவற்றையும் கொட்டினேன். பாக்கெட் செய்தவனைத் திட்டினேன், பொடி எழுத்தில் போட்டவனைத் திட்டினேன், கடைசியில் என்னைத் திட்டிக்கொண்டு அழுதேன்.

தம்பி எழுந்துபோய், காவடியில் ஒரு மயிலிறகைச் சரி செய்தான்.

"நான் எடுக்கலகா" என்றான்.

"பைத்தியமாடா நீ? தெரியாம சாப்பிட்டதுக்கு முருகன் கோவிச்சுக்குவாரா?"

"அவரு கோவிச்சுக்க மாட்டாரு. எனக்கு முடியாது. மேல ஏறும்போது இதுதான் மனசுல ஓடும். பாப்பா விசயத்துல என்னால சமாளிச்சுக்க முடியாதுகா."

அவன் கத்தியிருந்தால் எனக்குத் தேவலை. பதிலுக்குக் கத்தத் தெரியும் எனக்கு. அவன் என் மேல் ஒரு சொல் குறை சொல்லவில்லை. சின்ன வயதில் மாங்காய் திருடிவிட்டு என் தலையில் பழி போட்டவன்தானா இவன் என்று வாயைப் பிளந்து நின்றேன்.

அப்போதுதான் சமையற்கட்டு வாசலில் அவன் மனைவி வந்து நின்றாள். அரிசி களைந்த கை ஈரமாக இருந்தது.

"நான் பால்குடம் எடுக்கறேன்" என்றாள்.

"நீயும் அந்தப் பார்..." என்று நான் இழுத்தேன்.

"நான் சாப்பிடலகா. பாப்பாவ ஆபரேஷனுக்கு உள்ள கொண்டு போனப்ப நானும் வேண்டிக்கிட்டேன். மலையேறிப் பால் ஊத்தற வரைக்கும் இனிப்பு தொட மாட்டேன்னு. அன்னையிலருந்து தொடல. இந்த விரதமும் அவரோடயே இருக்கேன்."

தம்பிக்கே அந்த வேண்டுதல் புதுச் செய்தி என்பது அவன் முகத்தில் தெரிந்தது. பதினாலு மாதம்! எனக்குள் ஒவ்வொன்றாக ஓடியது. தீபாவளி. பிள்ளையின் பிறந்தநாள் கேக்கை எல்லோருக்கும் வெட்டிக் கொடுத்துவிட்டு விரலைத் துணியில் துடைத்துக்கொண்டது. சீனி போடாத கறுப்புக் காப்பி. நான் கையில் வைத்ததைத் திருப்பி வைத்துவிட்டுச் சொன்ன அந்த "அப்புறம்". நாற்பத்தெட்டு நாள் விரதத்தையும் அவனுக்குச் சமைத்துப் போட்டபடி, அதே பாயில், அதே ஒரு வேளைச் சாப்பாட்டில் கூடவே இருந்திருக்கிறாள். வீட்டில் விரதம் யாருக்கு என்று கேட்டால், நாங்கள் எல்லோரும் தம்பியைத்தான் காட்டியிருப்போம். ஒரு மனுஷியால் இவ்வளவு சத்தமில்லாமல் ஒன்றைச் செய்ய முடியுமா? நான் ஒரு தட்டு பார் செய்தாலே நாலு வாட்ஸ்அப் குழுவில் படம் போடுகிறவள்.

"ஏம்மா யார்கிட்டயும் சொல்லல?" என்று கேட்டேன்.

"யாரும் கேக்கலயேகா" என்றாள். அதில் குத்தல் இல்லை, உள்ளதைச் சொன்னாள்.

மறுநாள் விடிந்ததும் நடக்க ஆரம்பித்தோம். மஞ்சள் சேலை, தலையில் பால்குடம், வெறும் கால். அவளுக்கு முன்னால் தம்பி. காவடி தூக்கியிருக்க வேண்டிய இரண்டு கையையும் அகல விரித்துக்கொண்டு, "அண்ணே, கொஞ்சம் வழி விடுங்கண்ணே, பால்குடம் வருது" என்று தொண்டை கட்டக் கட்டச் சொல்லிக்கொண்டே போனான். பின்னால் நான், இடுப்பில் குழந்தையோடு. எங்கள் பந்தலைத் தாண்டித்தான் போனோம். பந்தலில் என் பார் இல்லை. மோர் குடித்துக்கொண்டிருந்த கூட்டத்தில் ஒருவர்கூட அதைக் கேட்டதாகத் தெரியவில்லை. இருபது வருடத்தில் முதல் முறையாக அது எனக்கு உறைக்கவும் இல்லை.

படி ஏறும்போது எனக்கு மூச்சு வாங்கியது. நூறு படிக்கு ஒரு முறை நின்றேன். அவள் நிற்கவில்லை. கூட்டம் நெருக்கித் தள்ளியபோது ஒரு கையால் குடத்தைப் பிடித்தாள், அவ்வளவுதான். நான் அண்ணாந்து பார்த்துக்கொண்டே ஏறினேன். ஒல்லியான கால், வெடித்த குதிகால். எங்கள் வீட்டுக்குள் ஏழு வருடமாக நடமாடுகிற கால் அது. அதற்குள் இப்படி ஒரு பலம் இருந்ததை நான் அதுவரை பார்க்கவே இல்லை. பக்தி என்று நான் வருடா வருடம் பந்தலில் நின்று பார்த்ததெல்லாம் வேடிக்கைதான் என்று அங்கேதான் தோன்றியது.

உச்சியில் குடத்தை வாங்கிப் பாலை ஊற்றினார்கள். அவள் கண்ணை மூடவில்லை. கடைசிச் சொட்டு விழும்வரை பார்த்துக்கொண்டே நின்றாள். வெளியே வந்து கைப்பிடிச் சுவரில் சாய்ந்தோம். கீழே ஊர், ஊருக்கு அந்தப் பக்கம் கடல். தம்பி தண்ணீர் வாங்கப் போனான். நான் அவளிடம், "என்ன மன்னிச்சிரும்மா. என்னாலதான் இவ்வளவும்" என்றேன். வாய் நீளமான எனக்கு அதற்கு மேல் வரவில்லை.

அவள் குழந்தையை என்னிடமிருந்து வாங்கி, அதன் மார்பில் ஆபரேஷன் தழும்பு இருக்கும் இடத்தில் முகத்தை வைத்துக்கொண்டாள். பிறகு நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.

"அந்தப் பார நீங்க கொண்டு வரலன்னா, இந்த வருசமும் நான் கீழதான் நின்னுருப்பேன்கா."