எரியாத லைட்டும் எலுமிச்சம்பழமும்

போன வாரம் எங்கள் காரின் டேஷ்போர்டில் ஒரு சிவப்பு லைட் எரிந்தது. எனக்கு அழுகையே வந்துவிட்டது... சந்தோஷத்தில்!

பலாபத்வலப் பக்கம் ஒரு கார் சேல் கடையில் பழைய கார் வாங்கியிருந்தோம். "எக்சிடன்டே படாத வண்டி, மிஸ்" என்றார் முதலாளி. கோயிலில் பூஜை போட்டு, டயரடியில் எலுமிச்சம்பழம் நசுக்கி, வீட்டுக்குக் கொண்டுவந்தோம்.

ஒருநாள் பக்கத்து வீட்டு அக்காவின் காரில் ஏறினேன். சாவியைத் திருப்பியதும் ஒரு சிவப்பு லைட் எரிந்து அணைந்தது.

"இது என்னக்கா?"

"மோதினா விரிஞ்சு காப்பாத்துமே, அந்த எயார்பேக் சரியா இருக்குன்னு சொல்லுது. ஒங்க கார்லயும் எரியுமே?"

எரியாது. ஒருநாளும் எரிந்ததில்லை.

கராஜில் ஸ்டியரிங்கைக் கழற்றினால் உள்ளே எயார்பேக்கே இல்லை! எப்போதோ மோதி விரிந்ததை அகற்றிவிட்டு, காட்டிக்கொடுக்காமலிருக்க லைட்டையும் பிடுங்கியிருக்கிறார்கள்.

ரத்தொட்டை மலைப்பாதை வளைவுகளில் நான் ஓட்ட, பின் சீட்டில் நாலு வயது மகள் பாடிக்கொண்டு வருவாள். எனக்கு ஏதாவது ஆனால் வண்டி எங்கே போய் நிற்கும்?

இருவருமாகக் கார் சேலுக்குப் போய்க் கேட்டோம். முதலாளி சிரித்தார். "லைட் எரியலன்னா பிரச்சினை இல்லன்னுதானே அர்த்தம்?" பிறகு என் கணவரின் தோளில் கைபோட்டு, "தம்பி, பூஜை போட்ட வண்டி. அதுமேல கம்ப்ளெய்ன்ட் பண்றது வீட்டுக்கு நல்லதில்ல" என்றார்.

அந்தப் பேச்சு வேலை செய்தது. "அம்மன் பாத்துக்குவா, விடு" என்றார் கணவர் வழிநெடுக. எனக்கும் தடுமாற்றம். கார் வாங்கிய அன்று மகளுக்கு டொபி மிட்டாய் கொடுத்த மனுஷன்... நான்தான் பெரிதுபடுத்துகிறேனோ?

வீட்டு வாசலில் இறங்கும்போது சொன்னேன்: "அம்மன் பாத்ததாலதாங்க அது என் கண்ணுல பட்டுச்சு."

மறுநாள் கணவரே என்னைப் புகார் கொடுக்க நுகர்வோர் அலுவலகத்துக்குக் கூட்டிப்போனார்.

விசாரணை நாள் வந்தது. பேசவேண்டியதை இரவெல்லாம் மனப்பாடம் செய்திருந்தேன். அதிகாரி அம்மா எல்லோரையும் எங்கள் கார் நின்ற முற்றத்துக்கு அழைத்து, சாவியை முதலாளியிடம் நீட்டினார்.

"நீங்களே திருப்புங்க. லைட் எரிஞ்சா, புகார் பொய்னு இப்பவே இவங்கள அனுப்பிடுறேன்."

முதலாளி கையை நீட்டவே இல்லை.

போன வாரம், அதிகாரியின் உத்தரவுப்படி முதலாளி செலவிலேயே புது எயார்பேக். சாவியைத் திருப்பினேன். எரிந்தது... அணைந்தது. அப்பாடா!

கணவர் இன்னொரு எலுமிச்சம்பழத்தோடு வந்தார்.

"அப்ப போன தடவ நசுக்குனது?"

"அது முதலாளி சொன்ன வண்டிக்கு. இது நாம ஓட்டுற வண்டிக்கு."

தாராளமாகக் கும்பிடுங்கள்... கும்பிடும் முன், சாவியையும் ஒருமுறை திருப்பிப் பாருங்கள்.