லாச்சியில் இரண்டு நாள்

வுப்பர்டாலுக்கு அருகே உள்ள அந்தச் சிற்றூரில் பிறந்து புகழ்பெற்றவர் ஒரே ஒருவர்தான். அவரும் பத்தொன்பது வயதில் ஊரைவிட்டு ஓடியவர். நாடா நெசவாளியின் மகன் எர்ன்ஸ்ட் ஹார்ட்கோப் 1849 கலகத்தில் துப்பாக்கி தூக்கினார். அது தோற்றதும் கப்பலேறினார். இருபத்துமூன்று வருடம் கழித்து ஓர் அமெரிக்க மாநிலத்தின் கவர்னரானார். அன்றைக்கு அகப்பட்டிருந்தால் சுட்டுப்போட்டிருக்கும் ஊர், இப்போது அவருக்கு நினைவுக்கல் நாட்டத் தயாராகிக்கொண்டிருந்தது.

அந்த ஊரில் அவரை நன்றாக அறிந்தவள் யோகம். வடமராட்சியிலிருந்து போருக்குத் தப்பிய அகதி, வயது அறுபத்திரண்டு, நகர ஆவணக் காப்பகத்தைத் துப்புரவு செய்ய வந்தவள். பழைய ஜெர்மன் கையெழுத்து இன்றைய ஜெர்மானியருக்கே வேலிமுள் மாதிரி. அதைக் கற்பிக்கக் காப்பகத் தலைவி மக்டலீன் ஒரு வகுப்புத் தொடங்கினாள். எட்டுப் பேர் இல்லாமல் வகுப்பு நடத்த விதியில்லை, சேர்ந்தது ஏழு. தும்புத்தடியைச் சுவரில் சாத்திவிட்டு எட்டாவது நாற்காலியில் யோகம் உட்கார்ந்தாள். மாரி முடிவதற்குள் ஏழு பேரும் கழன்றுகொண்டார்கள். அவர்களுக்குத் தெரிந்த எழுத்து குறுக்கே வந்து நின்றது. யோகத்துக்கு எல்லா எழுத்தும் ஒரேயளவு அந்நியம்.

கவர்னர் தம் தங்கைக்கு எழுதிய கடிதங்கள் நாற்பத்தொன்று. மக்டலீனுக்கு வாசிக்கத் தெரியும், நேரம்தான் இல்லை. ஆறு வருடமாக யோகமே அவற்றைப் பெயர்த்து எழுதினாள். அவருடைய பல்வலி, மாமியார், கடன்கார நண்பர்கள் எல்லாம் அவளுக்கு அத்துப்படி.

"அம்மா, அப்பாவைவிட இந்த மனிசனைப் பற்றித்தான் கனக்கக் கதைக்கிறியள்," என்பாள் மகள் சுபானி.

"உன்ர கொப்பர் ஒரு வரி எழுதப் பஞ்சிப்படுவார். இந்தாள் பக்கம் பக்கமாய் எழுதியிருக்கு. நான் என்ன செய்ய?"

விழாவுக்கு மூன்று வாரம் இருக்கையில் முப்பத்திரண்டாவது கடிதத்துக்கு வந்தாள். அதன் விஷயம் ஊருக்கே பாடம். மைக்கேல் டூலன் என்ற இருபத்திரண்டு வயதுத் தொழிலாளி கொலைக் குற்றத்தில் தூக்குக்குக் காத்திருந்தான்; சாட்சி பொய்யென்று தெரிந்ததும் கவர்னர் தண்டனையை நிறுத்திக் கையெழுத்திட்டார்; பனிப்புயலில் தந்திக்கம்பி அறுந்து, உத்தரவு போய்ச் சேருமுன் அவனைத் தூக்கிலிட்டுவிட்டார்கள். கவர்னர் கலங்கிப்போனார். அதனால்தான் கல்லில் 'இரக்கமுள்ள ஆளுநர்' என்று வெட்டியிருந்தார்கள்.

கடிதம் வேறு கதை சொன்னது. 'கம்பி அறுந்தது உண்மை, தங்கச்சி. புதன் இரவு அறுந்தது. நான் கையெழுத்திட்டதோ திங்கள் காலை. வாக்குகள் போய்விடக்கூடாதே, புதன் மாலை கட்சி மாநாடு முடியட்டும் என்று, மேசை லாச்சியை இழுத்துத் தாளை உள்ளே வைத்திருந்தேன். இதை வாசித்ததும் எரித்துவிடு.'

யோகம் கண்ணாடியைக் கழற்றி வைத்தாள்.

அவளுக்கு லாச்சி தெரியும். அவள் கணவன் தவபாலனை இங்கே அழைக்கப் போட்ட விண்ணப்பம் ஓர் அலுவலக லாச்சியில் பதினொரு மாதம் கிடந்தது. யாருக்கும் கெட்ட எண்ணம் இருக்கவில்லை. அதிகாரி மாற்றலாகிப் போனார், கோப்புப் போகவில்லை. கொழும்பில் தவபாலனின் சிறுநீரகம் அவ்வளவு நாள் பொறுக்கவில்லை. அனுமதிக் கடிதம் அவருடைய எட்டாம் நாள் காரியமான எட்டுச்செலவுக்கு மறுநாள் வந்தது.

மக்டலீன் பக்கத்தை இரண்டு தரம் வாசித்தாள். "யோகம், கல் வெட்டியாகிவிட்டது. நாற்பது கடிதம் போதாதா? ஒன்று குறைந்தால் யார் எண்ணப் போகிறார்கள்?"

"எரிக்கச் சொல்லி அண்ணன்காரன் கெஞ்சியிருக்கிறார். தங்கைக்காரி எரிக்கவில்லை. அதை நான் செய்யவா?"

மக்டலீன் பக்கத்தை யோகத்திடமே திருப்பிக் கொடுத்தாள். கோப்பில் வைக்கவில்லை.

அன்று மாலை சுபானி கேட்டாள், "உங்கட ஆளையே காட்டிக் குடுக்கப் போறியளே?"

"அந்தப் பெடியனுக்கும் ஒரு பேர் இருக்கல்லோ, பிள்ளை. கவர்னரைப் பற்றின புத்தகங்களில பாதியில அது இல்லை. மறைக்க என்னால ஏலாது."

விழாவில் நகர மேயர், வாத்தியக்குழு, அமெரிக்காவிலிருந்து கொள்ளுப்பேத்தி ஒருத்தி. கடிதம் வாசிக்க யோகத்தை அழைத்தார்கள். அகதி கவர்னரை இன்னோர் அகதி வாசிப்பது பத்திரிகைக்கு நன்றாக இருக்கும் என்று கணக்குப் போட்டிருந்தார்கள். அவளிடம் கொடுத்தது கப்பல் பயணக் கடிதம். அவள் அதை மடித்துவிட்டு முப்பத்திரண்டாவதை எடுத்தாள். வடமராட்சி வாசம் விட்டுப்போகாத ஜெர்மனில், மைக்கேல் டூலன் என்ற பெயரை மட்டும் இரண்டு தரம் சொல்லி, முழுதாக வாசித்தாள். யாரும் கை தட்டவில்லை. வாத்தியக்குழு எப்போது தொடங்குவதென்று தெரியாமல் நின்றது. மக்டலீன் எழுந்து வந்து அந்தத் தாளுக்குக் கை நீட்டினாள். வாங்கி, மற்ற நாற்பதோடு கோப்பில் அதன் இடத்தில் வைத்தாள்.

கல் இன்னும் அங்கேதான் இருக்கிறது, வாசகம் மாறாமல். மாற்றும் விண்ணப்பம் நகரசபையில் ஏதோ ஒரு மேசையில் கிடக்கிறதாம்.

திங்கட்கிழமை யோகம் வழக்கம்போல் கவர்னர் படத்தின் கண்ணாடியைத் துடைத்தாள். தாடியில் படிந்த தூசியையும் விடவில்லை.

"என்ன மனிசனப்பா நீர்," என்றாள் தமிழில். பிறகு முப்பத்துமூன்றாவது கடிதத்தை எடுத்தாள்.